பரம்பரையும் பத்திரமும்

தந்தையின் தொழிலைத் தொடர்வதா, முன்பின் அறியாத வேறொரு வழியில் காலெடுத்து வைப்பதா என்று ஓர் இளைஞன் தயங்கி நிற்பது உலகெங்கும் காணப்படும் காட்சி. கதாசிரியர்கள் இதனை உள்ளப் போராட்டம் என்பர். மூத்தோர் இதனை இளமையின் அடங்காமை என்பர். இரண்டிலும் ஓரளவு உண்மை உண்டு. ஆயினும் வரலாற்றைப் பயில்வோராகிய நாம் இவற்றோடு நின்றுவிட இயலாது. அந்தப் பரம்பரைத் தொழில் எப்போது, யாரால், யாருடைய நலனுக்காகப் பரம்பரையாக்கப்பட்டது? அந்த எதிர்காலம் ஏன் நிச்சயமற்றதாயிற்று? இவ்விரு கேள்விகளுக்கும் விடை காணாதவரை அந்த இளைஞனின் தயக்கத்தை நாம் புரிந்துகொண்டவர்கள் ஆகோம்.

இக்கேள்விகளைக் கேட்பதற்குக் கண்டியையும் அதனைச் சூழ்ந்த மலைகளையும்விடப் பொருத்தமான இடம் அரிது. தென்பாண்டிக் கிராமங்களிலும் திருச்சி, சேலம் மாவட்டங்களிலும் ஒரு காலத்தில் இலங்கை மலைநாடு முழுவதற்குமே 'கண்டிச் சீமை' என்றுதான் பெயர். கண்டிக்குப் போனவன் என்றால் தோட்டக் கூலியாகப் போனவன் என்பது பொருள். அவ்வாறு போனவர்களின் பேரனும் பேத்தியும் எதிர்கொண்ட இக்கட்டே இக்கட்டுரையின் பொருள்.

பரம்பரை பிறந்த கதை

1815-இல் கண்டி இராச்சியம் ஆங்கிலேயர் கைக்குப் போயிற்று. பத்தாண்டுகள் கழிவதற்குள் கம்பளைக்கு அருகே ஜார்ஜ் பேர்ட் என்பவர் காப்பித் தோட்டம் அமைத்தார். தேசாதிபதியாயிருந்த எட்வர்ட் பார்ன்ஸ் பேராதனையை அடுத்த கன்னொறுவையில் தாமும் காப்பி பயிரிட்டார். ஆட்சியாளரே தோட்ட முதலாளியாகவும் இருந்த அக்காலத்தில், 1840-ஆம் ஆண்டின் முடிக்குரிய நிலச் சட்டம் பிறந்தது. உரிமைப் பத்திரம் காட்ட இயலாத காடும் சேனையும் அரசுக்குச் சொந்தம் என்றது அச்சட்டம். கண்டிச் சிங்களக் குடியானவனின் பாட்டனும் முப்பாட்டனும் விறகு வெட்டியும் மாடு மேய்த்தும் வந்த மலைகள் இவ்வாறு விலைப்பொருளாயின. பத்திரம் இல்லாதவனுக்குப் பரம்பரை இல்லை என்ற நியாயம் கண்டி மலைகளில் முதன்முதலில் சிங்களக் குடியானவன்மீதே ஏவப்பட்டது என்பதை நாம் மறத்தலாகாது.

காப்பிக்கு ஆள் வேண்டியது பழம் பறிக்கும் காலத்திலேதான். ஆகவே தமிழ்நாட்டிலிருந்து வந்தவர் பெரும்பாலும் ஆடவராயிருந்தனர். மன்னார்க் கரையில் இறங்கிக் காட்டு வழியே மாத்தளைக்கு நடந்தனர். பருவம் முடிந்ததும் திரும்பினர். வழியில் காய்ச்சலுக்கும் வாந்திபேதிக்கும் இரையானோர் பல்லாயிரவர். அவர்களுடைய வாழ்வு கொடியது. ஆனால் அது பரம்பரை வாழ்வன்று. ஊரில் ஒரு குடிசையும் திரும்பிச் செல்ல ஒரு வழியும் அவர்களுக்கு எஞ்சியிருந்தன.

இதனை மாற்றியது தேயிலை. 1867-இல் கண்டிக்குத் தென்கிழக்கே ஹேவாஹெட்டப் பகுதியிலுள்ள லூல்கந்துர தோட்டத்தில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் தேயிலை நட்டார். 1869 முதல் பரவிய இலைத்துரு நோய் காப்பியை அழித்துவிட, அடுத்த இருபது ஆண்டுகளில் மலைகள் தேயிலையாயின. தேயிலைக் கொழுந்து பருவம் பார்ப்பதில்லை. ஏழெட்டு நாளுக்கு ஒருமுறை, ஆண்டு முழுவதும், அதே செடியில் கொழுந்து எடுத்தாக வேண்டும். இதற்குப் பருவக் கூலி பயன்படான். மலையிலேயே குடியிருக்கும் குடும்பம் வேண்டும். அக்குடும்பத்தில் பெண்ணும் வேண்டும், பிள்ளையும் வேண்டும். பத்தடி அகலமும் பன்னிரண்டடி நீளமும் கொண்ட லயத்துக் காம்பராக்கள் நிலைத்தன. தாய் கொழுந்தெடுத்த மலையிலேயே மகளும் கொழுந்தெடுத்தாள். குலத்தொழில் என்று இன்று சிலர் கூறும் அந்த வழக்கம் இவ்வாறு ஒரு செடியின் தேவையிலிருந்தும் ஒரு கம்பெனியின் கணக்கிலிருந்தும் பிறந்ததேயன்றிச் சாத்திரத்திலிருந்து பிறந்ததன்று.

பேர் பதிதல்

வழக்கத்தைக் காப்பதற்கு ஓர் அமைப்பு வேண்டும். தோட்டத்தில் அவ்வமைப்பு கங்காணி முறை. ஊரிலிருந்து ஆள் கட்டிக் கொண்டுவந்தவனும், முன்பணம் கொடுத்தவனும், வேலை வாங்கியவனும் கங்காணியே. தன் கீழ் வேலைக்கு வந்த ஒவ்வோர் ஆளுக்கும் அவனுக்குத் தலைக்காசு உண்டு. தொழிலாளியின் கடன் 'துண்டு' எனப்பட்ட சீட்டில் எழுதப்பட்டது. அக்கடனை வேறொரு தோட்டம் ஏற்றாலன்றி அவன் இடம்பெயர முடியாது. 1921-இல் இத்துண்டு முறை சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. ஆனால் துண்டு ஒழிந்த இடத்தில் வேறொரு கயிறு இருந்தது. அதுவே செக்றோல்.

விடியற்காலையில் தப்பு முழங்க, பிரட்டுக்களத்தில் பெயர் கூப்பிடுவார்கள். பிள்ளை வளர்ந்ததும் அவனுடைய பெயரைச் செக்றோலில் ஏற்றுவதைப் 'பேர் பதிதல்' என்பர். இதனைத் தந்தை பெருமையாகவே கருதினார். கருதாமல் இருக்கவும் அவரால் இயலவில்லை. காம்பரா தோட்டத்துக்குச் சொந்தம். அதில் குடியிருப்பதற்கு உரிமை, வேலை செய்பவருக்கே. வீட்டில் பேர் பதிந்த கை ஒன்றேனும் இருந்தால்தான் கிழவருக்கும் கிழவிக்கும் தலைக்குமேல் தகரம் இருக்கும். ஆகவே, பள்ளிக்கூடத்தில் இன்னும் இரண்டு வருடம் இருக்கிறேன் என்று மகன் கேட்டபோது தந்தை மறுத்தது அறியாமையால் அன்று. அவர் காம்பராவின் கூரையைக் காத்துக்கொண்டிருந்தார். மகளின் நிலை இதனினும் இறுக்கமானது. அவளுடைய சம்பளம் பெரும்பாலும் தந்தை அல்லது கணவன் கையிலே கொடுக்கப்பட்டது. ஆணுக்குச் சமமான நாட்சம்பளம் அவளுக்குக் கிடைத்தது 1984-ஆம் ஆண்டு வேலைநிறுத்தத்துக்குப் பின்னரே.

பள்ளிக்கூடத்தின் நிலையையும் ஆசிரியர்களாகிய நம் வாசகர்கள் எண்ணிப் பார்த்தல் வேண்டும். 1920-ஆம் ஆண்டுச் சட்டம் ஆறு முதல் பத்து வயது வரையுள்ள தோட்டப் பிள்ளைகளுக்குத் தாய்மொழிக் கல்வி அளிக்கும் பொறுப்பைத் தோட்ட நிர்வாகத்திடம் ஒப்படைத்தது. கூலிக்கு ஆள் தேடுபவனிடமே பிள்ளையைப் படிக்க வைக்கும் பொறுப்பு! 1945-இல் தொடங்கிய இலவசக் கல்வியின் பயன் நாட்டின் மற்றைய பிள்ளைகளைப் போல் இவர்களை எட்டவில்லை. 1960-61-இல் அரசு பாடசாலைகளைப் பொறுப்பேற்றபோதும் தோட்டப் பள்ளிகள் வெளியே நின்றன. 1977 முதலே அவை அரசின் கைக்கு வந்தன. 1952-இல் இலங்கைப் பல்கலைக்கழகம் பேராதனைக்குக் குடிபெயர்ந்தது. அதன் மேலே எழும் ஹந்தானை மலையில் லயங்கள் இருந்தன. லயத்திலிருந்து பல்கலைக்கழகத்துக்கு ஒரு பிற்பகல் நடை. அந்த நடையை முடிக்க லயத்துப் பிள்ளைக்குத் தலைமுறைகள் தேவைப்பட்டன.

வழக்கத்தை உடைத்த இருவர்

ஆயினும் பரம்பரைக் கட்டை உடைத்தவர்கள் இல்லாமல் இல்லை. இருவரை இங்கே நினைவுகூர்வோம். ஒருவர் துரைமார் பக்கத்தைச் சேர்ந்தவர். மற்றவர் கங்காணி வீட்டுப் பேரன்.

மார்க் அந்தனி பிரேஸ்கேர்டில் இங்கிலாந்தில் பிறந்து ஆஸ்திரேலியாவில் வளர்ந்த இளைஞர். 1936-இல் தம் இருபத்து நான்காம் வயதில், தோட்டத் தொழில் பழகுவதற்காகக் கண்டிப் பகுதியிலுள்ள மடுல்கலையின் ரெலுகாஸ் தோட்டத்துக்கு வந்தார். ஆளப் பிறந்தவன் என்ற பரம்பரை அவருக்குக் காத்திருந்தது. பங்களாவும் குதிரையும் காத்திருந்தன. அவர் தொழிலாளர் பக்கம் நின்றார், வேலை போயிற்று. 1935-இல் தோன்றியிருந்த லங்கா சமசமாஜக் கட்சியில் சேர்ந்தார். 1937 ஏப்ரல் 3-ஆம் நாள் நாவலப்பிட்டியில், கமலாதேவி சட்டோபாத்தியாயர் கலந்துகொண்ட கூட்டத்தில், துரைமாரின் கொடுமைகளைப் பெயர் சுட்டிப் பேசினார். வெள்ளைத் தோலுடைய ஒருவன் மலையில் நின்று இவ்வாறு பேசுவதைத் துரைமாரால் பொறுக்க முடியவில்லை. தேசாதிபதி ஸ்டப்ஸ் அவரை நாடுகடத்த ஆணையிட்டார். பிரேஸ்கேர்டில் தலைமறைவானார், மே 5-ஆம் நாள் கொழும்புக் காலிமுகத் திடலின் பெருங்கூட்டத்தில் மேடையில் தோன்றினார். உயர்நீதிமன்றம் அவரது தடுப்புக் காவல் சட்டவிரோதம் எனத் தீர்ப்பளித்தது.

சி. வி. வேலுப்பிள்ளை 1914-இல் வட்டகொடையை அடுத்த மடக்கும்புர தோட்டத்தில் பிறந்தவர். பெரிய கங்காணியின் பேரன். அவருக்கு விதிக்கப்பட்ட பரம்பரை தலைப்பாகையும் கோட்டும் கைத்தடியும். கொழும்பு நாலந்தாவில் கற்ற அவர் 1934-இல் தாகூர் இலங்கைக்கு வந்தபோது தாம் ஆங்கிலத்தில் எழுதிய இசை நாடகத்தை அவரிடம் அளித்தார். ஆசிரியரானார், தொழிற்சங்கவாதியானார், பாட்டனாரின் பிரட்டில் நின்றவர்களின் துயரத்தைக் கவிதையாக்கினார், அவர்கள் பாடிய பாடல்களைத் தேடித் தொகுத்தார். 1947-ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் இலங்கை இந்தியன் காங்கிரஸ் வென்ற ஏழு தொகுதிகளில் தலவாக்கலை அவருடையது.

இவ்விருவரும் தம் வர்க்கத்தின் வழக்கத்தைத் துறந்தனர். துறப்பதற்கு அவர்களிடம் ஏதோ ஒன்று இருந்தது. லயத்து இளைஞனுக்கு அதுவும் இல்லை. அவன் துணிந்தபோது கிடைத்த பதிலுக்கு முல்லோயா சாட்சி. ஹேவாஹெட்டப் பகுதியின் முல்லோயாத் தோட்டத்தில் கூலி உயர்வு கோரி வேலைநிறுத்தம் நடந்தபோது, 1940 சனவரி 10-ஆம் நாள் பொலிசாரின் குண்டுக்குக் கோவிந்தன் என்ற தொழிலாளி பலியானார். விசாரணைக் கமிஷனில் அக்குடும்பத்துக்காகக் கொல்வின் ஆர். டி சில்வா வாதாடினார். தேயிலை முதலில் வேர்விட்ட அதே ஹேவாஹெட்ட மலையில்தான் தோட்டத் தொழிலாளியின் இரத்தமும் சிந்தியது.

சட்டம் கேட்ட பாட்டன்

1948-இல் சுதந்திரம் வந்தது. அவ்வாண்டே 18-ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டமும் வந்தது. இலங்கையில் பிறந்திருந்தால் மட்டும் போதாது. தந்தை இங்கே பிறந்தவர், அல்லது பாட்டனும் முப்பாட்டனும் இங்கே பிறந்தவர்கள் என்று காட்ட வேண்டும் என்றது சட்டம். இங்கேதான் வரலாற்றின் கொடிய முரண்பாட்டை நாம் காண்கிறோம். தோட்டம் பரம்பரையைக் கேட்டது: உன் பாட்டி எடுத்த மலையில் நீயும் கொழுந்தெடு என்றது. அரசும் பரம்பரையைக் கேட்டது: உன் பாட்டன் பிறந்த பத்திரத்தைக் காட்டு என்றது. ஒரே பிள்ளை செக்றோலில் பரம்பரைத் தொழிலாளி. பிரஜைகளின் இடாப்பில் பரம்பரையற்ற அந்நியன். காட்டு வழியே நடந்து வந்த கிழவனிடம் பிறப்புச் சான்றிதழ் ஏது?

1949-இல் இந்திய பாகிஸ்தானிய வதிவோர் சட்டம் ஒரு சிறு கதவைத் திறந்துவிட்டதாகக் கூறிக்கொண்டது. எட்டு இலட்சத்துக்கு மேற்பட்டோர் அதன்கீழ் பிரஜாவுரிமை கோரினர். ஏறக்குறைய 1 இலட்சத்து 34 ஆயிரம் பேருக்கே அது கிடைத்தது. மற்றையோரின் மனுக்கள் சான்று போதாது என்று தள்ளப்பட்டன. வாக்குரிமையும் பறிபோயிற்று, 1952-ஆம் ஆண்டுத் தேர்தலில் மலைநாட்டுத் தமிழரின் பிரதிநிதியாக ஒருவரும் பாராளுமன்றம் செல்ல இயலவில்லை. இடதுசாரிக் கட்சிகள் இச்சட்டங்களை எதிர்த்து வாக்களித்தன என்பதையும், அவற்றுட் சில பின்னாளில் அந்த உறுதியிலிருந்து வழுவின என்பதையும் நேர்மையுள்ள வரலாறு ஒருங்கே பதிவு செய்யும்.

கண்டியில் நின்ற வரிசை

1964 அக்டோபர் 30-ஆம் நாள் புது தில்லியில் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டனர். நாடற்றவராகக் கணிக்கப்பட்ட 9 இலட்சத்து 75 ஆயிரம் பேரில் 5 இலட்சத்து 25 ஆயிரம் பேரை இந்தியாவும் 3 இலட்சம் பேரை இலங்கையும் ஏற்கும். எஞ்சிய 1 இலட்சத்து 50 ஆயிரம் பேரின் கதி பின்னர் முடிவு செய்யப்படும். 1974-இல் அவர்களும் 75 ஆயிரம் வீதம் சரிபாதியாகப் பங்கிடப்பட்டனர். ஏழுக்கு நான்கு என்ற விகிதம்: ஏழு பேர் கப்பலேறினால் நான்கு பேர் தங்கலாம். சந்தையில் மூட்டைகளுக்குப் பேசும் கணக்கு மனிதருக்குப் பேசப்பட்டது. அம்மனிதரை யாரும் கேட்கவில்லை.

1968-இல் தொடங்கி 1970 ஏப்ரலுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். இந்தியப் பிரஜாவுரிமை கோருவோர் நாட வேண்டிய இடம் கண்டி நகரிலிருந்த இந்திய உதவி உயர் ஸ்தானிகர் காரியாலயம். தெல்தோட்டை, கலஹா, புசல்லாவை, நாவலப்பிட்டி என்று நாற்புறத்து மலைகளிலிருந்தும் குடும்பங்கள் கண்டிக்கு வந்து இறங்கின. மன்னர் ஆண்ட தலைநகரம் என்றும் தலதா மாளிகை விளங்கும் புண்ணிய நகரம் என்றும் பெயர் பெற்ற கண்டி, ஒரு பெருங்கூட்டத்துக்குத் தம் நாட்டைத் தேர்ந்தெடுக்கும் காரியாலயம் இருக்கும் ஊராக மட்டுமே நினைவில் நின்றது.

அந்த விண்ணப்பத் தாளின் முன் இளைஞனின் நிலை யாது? தந்தைக்குத் தம் தந்தை சொல்லிக் கேட்ட ஊரின் பெயர் நினைவிருந்தது. மகனுக்கு அது ஒரு பெயர் மட்டுமே. சில வீடுகளில் கிழவர், மண்ணில் போய்ச் சாக வேண்டும் என்றார். மகன், பிறந்த மலையை விடேன் என்றான். வேறு சில வீடுகளில் இதற்கு நேர்மாறு: தாயும் தந்தையும் புதைந்த தேயிலைத் தூரை விட்டு வரமாட்டேன் என்று கிழவர் அழ, பிரட்டுக்களத்திலிருந்து தப்ப வேறு வழியில்லை என்று மகன் பாஸ்போர்ட்டுக்கு எழுதினான். இதில் யார் பழமைவாதி, யார் புதுமைவாதி? தமக்கை ஒரு நாட்டுக்கும் தம்பி ஒரு நாட்டுக்கும் எழுதப்பட்ட குடும்பங்கள் பல. இலங்கைப் பிரஜாவுரிமை கோரியோர் ஒப்பந்தத்தின் எண்ணிக்கையைத் தாண்டினர். இந்தியாவுக்கு விண்ணப்பித்தோர் அதனை எட்டவில்லை. அரசுகள் வரைந்த கணக்கை மக்கள் ஏற்கவில்லை என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

ஆனால் பசி வந்து கணக்கைத் திருத்தியது. 1972, 1975-ஆம் ஆண்டுகளின் காணிச் சீர்திருத்தச் சட்டங்கள் தோட்டங்களை அரசுடைமையாக்கின. முற்போக்காளர் வரவேற்கத்தக்க அச்சட்டங்களின் பயன் தோட்டத் தொழிலாளிக்குக் கிடைக்கவில்லை. கண்டி மாவட்டத்தில் பல தோட்டங்கள் கைமாறியபோது தொழிலாளர் லயங்களிலிருந்து வெளியேற்றப்பட்டனர். 1973-74-இன் உணவுப் பஞ்சத்தில் அவர்களிற் பலர் நகரத் தெருக்களில் கையேந்தினர். 1977-இல் புசல்லாவைப் பகுதியின் டெல்டா, சங்குவாரித் தோட்டங்களில் லயங்கள் தாக்கப்பட்டன. 1840-இல் பாட்டனின் மலையை இழந்த சிங்களக் குடியானவனின் பேரனும், அம்மலையில் குடியேற்றப்பட்ட தமிழ்க் கூலியின் பேரனும் எதிரெதிரே நிறுத்தப்பட்டனர். இருவரும் நிலமற்றவர், இருவரும் வேலைக்கு ஏங்கியவர், இருவர் கையிலும் பத்திரம் இல்லை. அவர்களைப் பகைவராக்கியவர்கள் வேறெங்கோ பத்திரமாக இருந்தனர்.

கரை கடந்த பின்

விண்ணப்பிக்கத் தயங்கியவரையும் இந்நிகழ்ச்சிகள் தலைமன்னாருக்குத் துரத்தின. அவர்களை ஏற்றிச் சென்ற ரயிலுக்கு மலைநாட்டார் 'அழுகைக் கோச்சி' என்று பெயரிட்டனர். 1964 டிசம்பர்ப் புயலில் தனுஷ்கோடி அழிந்துவிட்டமையால் கப்பல் இராமேசுவரத்தில் இறக்கிற்று. அங்கிருந்து மண்டபம் முகாம். 1980-களின் நடுப்பகுதிக்குள் மூன்று இலட்சத்துக்கு மேற்பட்டோர் இவ்வாறு சென்றனர். 1953-ஆம் ஆண்டுக் குடிமதிப்பில் இலங்கையின் மக்கள்தொகையில் நூற்றுக்கு 12 ஆயிருந்த இந்தியத் தமிழர் 1981-இல் 5.5 ஆயினர்.

சென்றவர்களுக்கு வியாபாரக் கடன் என்று ஒரு சிறு தொகை கிடைத்தது. வியாபாரம் அறியாதவர் கையில் அது நில்லாது கரைந்தது. இவர்களுக்காகவே நீலகிரியில் 1968 முதல் அரசு தேயிலைத் தோட்டங்கள் அமைக்கப்பட்டன. கோத்தகிரியிலும் கூடலூரிலும் மீண்டும் அதே கொழுந்துக் கூடை, அதே குளிர், அதே வரிசை வீடு. கொடைக்கானல் மலையில் சிலர் கொத்தடிமைகளாயினர். இலங்கையில் 'இந்தியாக்காரன்' எனப்பட்டவன் இந்தியாவில் 'சிலோன்காரன்' ஆனான். பிரட்டுக்களத்திலிருந்து தப்புவதற்காகக் கடல் கடந்த இளைஞன் கடலுக்கு அப்பாலும் பிரட்டுக்களத்தையே கண்டான். தொழிலை அவன் தேர்ந்தெடுக்கவில்லை. தொழிலே அவனைத் தேடிச் சென்றது. நிலமும் கல்வியும் கிடைக்காதவனுக்கு நாடு மாறினாலும் நிலை மாறாது என்பதற்கு நீலகிரி சான்று.

இன்றைய கேள்வி

தங்கியவர்களின் நாடற்ற நிலை 1988-ஆம் ஆண்டுச் சட்டத்தாலும் 2003-ஆம் ஆண்டின் 35-ஆம் இலக்கச் சட்டத்தாலும் தீர்ந்தது. பத்திரம் கிடைத்துவிட்டது. 1992-இல் தோட்ட நிர்வாகம் தனியார் கம்பெனிகளிடம் மீண்டும் சென்றது. நாட்சம்பளம் 1000 ரூபாய் என்ற கோரிக்கை பல ஆண்டுப் போராட்டத்துக்குப் பின் 2021-இலேதான் நிறைவேறிற்று. குடும்பத்துக்கு ஏழு பேர்ச்சஸ் நிலம் என்ற திட்டம் 2015 முதல் பேசப்பட்டும் பல்லாயிரம் குடும்பங்கள் இன்னும் லயத்தில் வாழ்கின்றன. ஹந்தானையில் பழைய தேயிலைத் தொழிற்சாலை ஒன்று 2001 முதல் நூதனசாலையாக விளங்குகிறது. இயந்திரங்கள் வரலாறாகிவிட்டன, காம்பரா இன்னும் வரலாறாகவில்லை.

இன்று தோட்டத்து இளைஞன் பேர் பதிய மறுக்கிறான். கண்டி நகரத்துக் கடைகளுக்கும் கொழும்புக்கும் ஆடைத் தொழிற்சாலைகளுக்கும் வளைகுடா நாடுகளுக்கும் செல்கிறான். தோட்டத்தில் ஆள் இல்லை என்று கம்பெனிகள் புலம்புகின்றன. பிள்ளை கைவிட்டுப் போனான் என்று தந்தை வருந்துகிறார். இரண்டையும் ஒன்றாகக் கருதுவது பெரும் பிழை. கம்பெனியின் புலம்பல் கூலிக் கணக்கு. தந்தையின் வருத்தத்திலோ ஒரு மெய்யான அச்சம் உண்டு: இத்தனை தலைமுறை உழைப்பும் ஒரு காம்பராக் கூடச் சொந்தமாகாமல் கழிந்து போயிற்றே என்ற அச்சம் அது. சொந்த நிலமும் சொந்த வீடும் இருந்தால் மகன் நகரத்துக்குப் போவது பிரிவாயிராது, வாழ்க்கையின் வளர்ச்சியாயிருக்கும்.

இங்கே ஆசிரியருக்கும் மாணவருக்கும் கடமை உண்டு. பேர் பதியப் போகிறேன் என்று ஒரு மாணவன் பள்ளியை விட்டு நீங்க முற்படும்போது அவனுடைய தந்தையை மூடர் என்று ஏசுவது எளிது. காம்பராவின் உரிமை எவ்வாறு ஒரு பிள்ளையின் கையோடு பிணைக்கப்பட்டது என்று விளக்குவது கடினம். கடினமானதையே நாம் செய்தல் வேண்டும். மற்றொன்றும் உண்டு. முன்னேற விரும்பும் இளைஞன் தன் மக்களின் பரம்பரையையே வெறுக்கக் கற்பிக்கப்படுகிறான். தோட்டத்தான் என்ற சொல்லுக்கு அஞ்சித் தன் ஊரை மறைக்கிறான். அவனுக்கு ஒன்றல்ல, இரண்டு பரம்பரைகள் உள்ளன. ஒன்று செக்றோல் எழுதிய பரம்பரை. அது கம்பெனியின் ஆக்கம். அதனை உதறுவது துரோகமன்று. மற்றது காட்டு வழியே நடந்து வந்தவர்களின் உறுதியும், மாசி மாதக் காமன் கூத்தும், கொழுந்து மலையில் பெண்கள் பாடிய பாட்டும், முல்லோயாவில் கோவிந்தன் நின்ற நிலையும் சேர்ந்த பரம்பரை. அதற்கு எந்தக் காரியாலயத்திலும் பத்திரம் கேட்க மாட்டார்கள். நகரத்துக்குப் போனாலும் பல்கலைக்கழகத்துக்குப் போனாலும் அதனை அவன் தன்னோடு கொண்டு செல்லலாம். அவ்வாறு கொண்டு செல்பவனுக்கு எதிர்காலம் நிச்சயமற்றதாயிருக்கலாம். ஆனால் அது பிறர் எழுதி வைத்த எதிர்காலமாயிராது.